தட்டு ஏந்தி வந்தவளின் குரல்

மேல்மாடியில் குடியிருந்த நடிகையை முதலில் எனக்குப் பிடித்துத்தான் இருந்தது. இதை முன்னாலேயே எழுதி வைத்துவிடுகிறேன். பின்னால் வருவதைப் படிக்கிறவர்கள், ஆரம்பத்திலிருந்தே எனக்கு அவர்மேல் பொறாமை என்று நினைத்துவிடக் கூடாது.

ஜெர்மனியில், எர்லாங்கன் ஊரில் நாங்கள் இருந்தது மூன்று அடுக்கு வீடு. கீழே வீட்டுக்காரர், நடுவில் நாங்கள், மேலே அவர். என் கணவர் பொறியியலில் டாக்டர் பட்டம் வாங்கியவர். காலையில் சைக்கிளில் கம்பெனிக்குப் போனால் இருட்டிய பிறகுதான் திரும்புவார். அந்த ஊர் வழக்கப்படி கணவரின் பட்டம் மனைவிக்கும் ஒட்டிக்கொள்ளும். ரொட்டிக்கடையில்கூட என்னை "ஃப்ராவ் டாக்டர்", திருமதி டாக்டர், என்றுதான் கூப்பிட்டார்கள். நான் படித்தது வெறும் பி.எஸ்ஸி. வேதியியல். திருத்திச் சொல்ல நினைத்தேன். அதற்கு என் ஜெர்மன் போதவில்லை.

பகல் ஒரு மணியிலிருந்து மூன்று மணிவரை வீட்டில் சத்தம் கூடாது. அது எங்கள் வீட்டுக்காரர் தனியாகப் போட்ட சட்டமில்லை, அங்கே எல்லா வீடுகளிலும் அப்படித்தான். கம்பளம் தட்டக் கூடாது, ஆணி அடிக்கக் கூடாது, குழந்தை தடதடவென்று ஓடக் கூடாது. இரண்டு வயதுகூட ஆகாத என் மகள் அந்த நேரம் பார்த்துத்தான் மரக்கட்டையை எடுத்துத் தரையில் தட்டுவாள். நான் "ஷ்... ஷ்..." என்று அவள் பின்னாலேயே அலைவேன். ஒருநாள் வீட்டுக்காரர் கதவைத் தட்டி, தன் மனைவிக்குத் தலைவலி என்று மிகவும் மரியாதையாகச் சொல்லிவிட்டுப் போனார். அந்த மரியாதையைத் தாங்க முடியாமல் நான் அழுதேன். என்னைப் பார்த்து மகளும் அழுதாள். அப்போதுதான் மேல்மாடிக்காரர் இறங்கி வந்தார்.

எழுபதை நெருங்கிய வயது. உதட்டுச்சாயம் இல்லாமல் குப்பைத்தொட்டிவரைகூடப் போகமாட்டார். திறந்திருந்த கதவருகே நின்று, என் மகளைப் பார்த்து உதட்டில் விரலை வைத்தார். பிறகு எங்கள் சமையலறை மூலையில் ஏதோ இருப்பதுபோல் உற்றுப் பார்த்தார். பயந்தார். பின்வாங்கினார். மெதுவாகக் குனிந்து கையை நீட்டினார். அந்தக் கையை ஏதோ நக்கியதுபோல் முகமெல்லாம் கூசிச் சிரித்தார். அங்கே ஒரு நாய்க்குட்டி இருப்பது எனக்கே தெரிந்தது. மகள் அழுகையை மறந்து மூலைக்குப் போய்த் தேடினாள்.

"மூணு மணி வரைக்கும் இவளை நான் பாத்துக்கறேன், ஃப்ராவ் டாக்டர்" என்றார். "நானும் ஒரு காலத்துல சத்தமில்லாமத்தான் சம்பாதிச்சேன்."

அவர் பேசியதெல்லாம் ஜெர்மன். எனக்குப் புரிந்த அளவில் இங்கே தமிழில் எழுதுகிறேன்.

அன்றிலிருந்து தினமும் ஒரு மணிக்கு மாடிப்படியின் மேலிருந்து அவர் கூப்பிடுவார். "கொம், கொம்." வா, வா என்று அர்த்தம். முதல் 'கொம்' தாழ்ந்து வரும், இரண்டாவது கொஞ்சம் உயர்ந்து, முடிவில் சிரிப்பதுபோல் நிற்கும். மகள் கையையும் காலையும் ஊன்றிப் படியேறிப் போய்விடுவாள். நான் அந்த இரண்டு மணி நேரத்தில் துணி துவைத்தேன், ஜெர்மன் பாடம் படித்தேன், சில நாள் தூங்கினேன். நன்றியோடுதான் இருந்தேன்.

மகள் அவரை என்னவென்று கூப்பிட வேண்டும் என்று நான் ஒருமுறை கேட்டேன். அந்த ஊரில் வயதான பெண்களைக் குழந்தைகள் 'ஓமா' என்பார்கள், பாட்டி என்று. நான் அந்தச் சொல்லைச் சொன்னதும் அவர் நிமிர்ந்தார்.

"பாட்டி வேஷம் நான் கட்டினதே இல்ல. டான்ட்டேன்னு கூப்பிடச் சொல்லுங்க."

அத்தை, சித்தி இரண்டுக்கும் அதுதான் சொல். எனக்கும் அவர் டான்ட்டே ஆனார்.

படியில் நின்றபடியே தன் பழைய கதையைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னார். ஊமைப்படக் காலத்தில் பெர்லினில் துணைநடிகை. கதாநாயகியின் தோழி, தங்கை, தாதி, வேலைக்காரி. பின்னால் நிற்கிற வேடங்கள்.

"அது லேசான வேலைன்னு நினைக்கிறீங்களா? நான் அவளைப் பாக்கணும். என் மூஞ்சி முழுக்க அவளைப் பாக்கணும். அப்பத்தான் தியேட்டர்ல உக்காந்திருக்கறவன் அவளைப் பாப்பான். என்னைப் பாத்துட்டான்னா மறுநாள் என்னைக் கூப்பிட மாட்டாங்க."

"பேசும்படம் வந்த பிறகு?"

"சோதிச்சுப் பாத்தாங்க. குரல் கதாநாயகிக்கு ஏத்தது, மூஞ்சி வேலைக்காரிக்கு ஏத்ததுன்னு சொல்லிட்டாங்க. 'அம்மா, வண்டி வந்துடுச்சு.' அஞ்சாறு படத்துல அந்த ஒரே வசனம். அப்புறம் அதுவும் இல்ல."

பிறகு ஓய்வுபெறும் வரையில் திரையரங்குகளில் டிக்கெட் கிழித்தாராம். கதாநாயகி என்று சொல்லும்போதெல்லாம் அவர் ஒருத்தியை மட்டும் நினைத்துச் சொன்னார் என்பது எனக்கு மெல்லத்தான் பிடிபட்டது. ஹங்கேரியிலிருந்து வந்த அழகி. "அவளுக்கு ஒரு முகபாவம்தான் தெரியும். அதையே இடப்பக்கமும் வலப்பக்கமும் திருப்பித் திருப்பிக் காட்டுவா" என்பார். செத்துப்போனவள் மேல் இவ்வளவு பொறாமையா என்று அப்போது எனக்கு வேடிக்கையாக இருந்தது.

வேடிக்கை எனக்கு நெடுநாள் நிலைக்கவில்லை. மகள் ஒரு மணிக்கு முன்னாலேயே கதவருகே போய் நிற்க ஆரம்பித்தாள். சாதத்தை வாயில் அடக்கிக்கொண்டே மேலே காது கொடுப்பாள். அங்கிருந்து வரும்போது முகம் விளக்கு ஏற்றியதுபோல் இருக்கும், எங்கள் வீட்டு வாசலைத் தாண்டியதும் அணைந்துவிடும். மாலையில் அப்பா வந்ததும் அவரிடம் நாய்க்குட்டி, குளவி, சூடான சூப் எல்லாம் செய்து காட்டுவாள், ஒரு சத்தமும் இல்லாமல். அவர் கைதட்டிச் சிரிப்பார். "பாரேன், எவ்வளவு அழகா பண்றா." எனக்கு அதில் டான்ட்டேயின் புருவம்தான் தெரிந்தது. என் குழந்தையின் முகத்தில் வேறொருத்தியின் புருவம்.

குளியலறைக் கண்ணாடியின் முன் நின்று நானும் அந்த நாய்க்குட்டியைப் பழகிப் பார்த்தேன். பயந்தேன், பின்வாங்கினேன், குனிந்து கை நீட்டினேன். ஒருநாள் தைரியமாக மகளின் எதிரே செய்தேன். அவள் மூலையைப் பார்க்கவில்லை. என்னைத்தான் பார்த்தாள், எனக்கு ஏதோ வலிக்கிறதா என்பதுபோல. பிறகு மரக்கட்டையை எடுத்துக்கொண்டு நகர்ந்துவிட்டாள்.

இரண்டரை வயதாகியும் அவள் ஒரு சொல்லும் பேசவில்லை. ஊரிலிருந்து என் அம்மா, பையன்கள்தான் லேட்டாகப் பேசும், பெண்குழந்தை ஏன் பேசவில்லை என்று எழுதிக் கேட்டாள். நான் குழந்தை டாக்டரிடம் அழைத்துப் போனேன். அவர் மணியடித்துப் பார்த்தார், காதில் குறையில்லை என்றார். வீட்டில் என்ன மொழி என்று கேட்டார்.

"தமிழ்."

"வெளியில ஜெர்மன். குழந்தை குழம்பிப்போச்சு. இனிமே ஒரே மொழி. ஜெர்மன் மட்டும். வசந்தத்துல திரும்பக் கூட்டிட்டு வாங்க. அப்பவும் பேசலன்னா வேற ஊர்ல பெரிய ஆஸ்பத்திரி இருக்கு. சில வாரம் அங்க விட்டுக் கவனிக்கணும்."

"நானும் கூட இருக்கலாமா?"

"ஞாயித்துக்கிழமைல வந்து பாக்கலாம்."

அன்று மாலை கணவரிடம் சொன்னேன். அவர் சாக்ஸைக் கழற்றிக்கொண்டே கேட்டார்.

"ஒரே மொழின்னா சிம்பிள்தானே. டாக்டர் சொல்றதைச் செஞ்சிடுவோம்."

"எனக்கு ஜெர்மன் எங்கங்க வருது? தாலாட்டு எப்படி சொல்றது?"

"தமிழ் அப்புறம் கத்துக்கலாம். எங்க ஓடிப்போகுது?"

"அவ பேசாததுக்கு மேல இருக்கறவங்கதான் காரணம். நாள் முழுக்க ஊமைப்படம் காட்டினா குழந்தை எப்படிப் பேசும்?"

"உனக்கு அவங்க மேல பொறாமை" என்றார் சிரித்துக்கொண்டே. சிரித்துக்கொண்டு சொன்னாலும் அது சொன்னதுதானே.

மறுநாள் காலையிலிருந்து நான் ஜெர்மனில் அம்மாவானேன். எனக்குத் தெரிந்ததெல்லாம் பாடப்புத்தக ஜெர்மன். அதில் வருகிறவர்கள் ரயில் நிலையத்திலும் தபால் அலுவலகத்திலும் ஒருவரையொருவர் மரியாதையாக விசாரித்துக்கொள்வார்கள். நானும் அப்படியே, "தாங்கள் இன்னும் சிறிது சாதம் விரும்புகிறீர்களா? தயவுசெய்து தங்கள் காலணியை அணியுங்கள்" என்றெல்லாம் பேசினேன். ஊரில் குழந்தைகளைச் செல்லமாக 'வாங்க, போங்க' என்பதில்லையா, அதனால் எனக்கு அது விகற்பமாகப் படவில்லை. மகள் நான் பேசும்போது என் வாயைப் பார்ப்பாள். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுத் திரும்பிக்கொள்வாள்.

ஒருநாள் படியில் நான் அவளுக்குக் காலணி மாட்டுவதை டான்ட்டே மேலேயிருந்து கேட்டுக்கொண்டிருந்தார்.

"ஃப்ராவ் டாக்டர், இவ உங்க பொண்ணா, இல்ல உங்க ஹோட்டல்ல ரூம் எடுத்தவளா?"

அவர் சிரித்த சிரிப்பு கீழ்மாடிவரை போயிருக்கும். எனக்கு முகம் எரிந்தது. எப்போதும் வராத ஜெர்மன் அப்போது வந்தது.

"நீங்க ஊமை விளையாட்டு ஆடி ஆடித்தான் என் பொண்ணு பேசல. இனிமே இவ மேல வரமாட்டா."

அவர் சிரிப்பு நின்றது. "நான் ஊமையா ஆடறேனா? நீங்க ஒருநாளாவது மேல வந்து கேட்டிருக்கீங்களா?"

"எனக்கு வேலை இருக்கு."

"எனக்கு இல்ல" என்று சொல்லிவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டார்.

குளிர்காலம் முழுக்க மேலிருந்து 'கொம், கொம்' வரவில்லை. ஒரு மணிக்கு மகள் கதவருகே போய் நிற்பாள். நான் பொம்மையைக் கொடுப்பேன், பிஸ்கட் கொடுப்பேன், மடியில் இழுத்து வைத்துக்கொள்வேன். அவள் அழவில்லை. அழுதிருந்தால் தேவலை. சரியாகத்தான் செய்கிறேனா, டாக்டர் சொன்னபடிதானே செய்கிறேன் என்று பாத்திரம் கழுவும்போதெல்லாம் என்னையே கேட்டுக்கொள்வேன். முகத்தில் வந்துகொண்டிருந்த நாய்க்குட்டியும் குளவியும்கூட அவளிடமிருந்து போய்விட்டன. வசந்தமோ நெருங்கிக்கொண்டிருந்தது.

அந்தச் சமயம் கணவர் ஒரு கறுப்பு வெள்ளைத் தொலைக்காட்சிப் பெட்டி வாங்கினார். குழந்தை ஜெர்மன் கேட்கட்டும் என்று சொன்னார். கால்பந்துக்காகத்தான் வாங்கினார்.

ஒரு சனிக்கிழமை டான்ட்டே எங்கள் கதவைத் தட்டினார். கையில் ஆப்பிள் கேக், உதட்டில் சாயம், முகத்தில் மட்டும் கொஞ்சம் தயக்கம்.

"நாளைக்கு மத்தியானம் டிவியில ஒரு பழைய படம் போடறாங்க. நான் அதுல வரேன். என்கிட்ட டிவி இல்ல" என்றார்.

என்னிடம் இருந்தது, அவரிடம் இல்லை. அந்த ஒரு நிமிடம் எனக்கு எவ்வளவு இனித்தது என்று சொன்னால் நன்றாக இருக்காது. "வாங்க" என்றேன். பாடப்புத்தகத்தில் உள்ளபடி மிக மரியாதையாக.

ஞாயிற்றுக்கிழமை அவர் சோபாவின் ஒரு ஓரத்தில் உட்கார்ந்தார். மகளை நான் என் மடியில் வைத்து இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன். கணவர் காப்பி போட்டுக் கொண்டுவந்தார், கேக்கை வெட்டினார். படம் தொடங்கியது. பேசும்படம் வந்த புதிதில் எடுத்தது. ஒலி கரகரத்தது. ஒரு பணக்கார வீடு, அதில் ஒரு பெண், அவளுக்கு வந்த கடிதங்கள், அவளைத் தேடி வரும் இரண்டு ஆண்கள். அந்த ஹங்கேரி அழகி உண்மையிலேயே அழகி. டான்ட்டே சொன்ன மாதிரி அவளுக்கு ஒரு பாவம்தான் இருந்தது, ஆனால் அவள் பேசினால் வேறு எதையும் கவனிக்க முடியவில்லை. தேன் மாதிரிக் குரல் என்று எழுதினால் பழைய உவமை. வெந்நீர் ஒற்றடம் மாதிரி என்றுதான் எனக்குத் தோன்றியது.

"நீங்க எப்ப வருவீங்க?" என்று கணவர் கேட்டார்.

"பொறுங்க. தட்டோட வருவேன்."

வந்தார். வெள்ளை ஏப்ரன் கட்டிய ஒல்லியான பெண், காப்பித் தட்டு. கதாநாயகியைப் பார்த்தாள், வைத்தாள், போனாள். எனக்கு அடையாளமே தெரியவில்லை. மகளைக் குனிந்து பார்த்தேன். அவளுக்கும் தெரியவில்லை. அது எனக்குத் திருப்தியாக இருந்தது.

மறுபடி வந்தார், பூச்சாடியோடு. மறுபடி, மேலங்கியோடு. என் கணவர் தமிழில் சொன்னார்.

"ஒண்ணு கவனிச்சியா? அந்த வேலைக்காரி உள்ள வந்தா இவ வாயே திறக்கறதில்ல."

"பணக்காரத் திமிருங்க. வேலைக்காரி முன்னாடி என்ன பேச்சுன்னு இருப்பா."

"இல்ல. பேசிட்டே இருக்கறவ, அவ கதவைத் திறந்ததும் டக்குனு நிறுத்தறா. ஒவ்வொரு தடவையும்."

அப்போது திரையில் கதாநாயகி மாடி முகப்பில் சாய்ந்துகொண்டு, கீழே தோட்டத்தில் நிற்கிற ஒரு குழந்தையைக் கூப்பிட்டாள்.

"கொம், கொம்."

முதலாவது தாழ்ந்து, இரண்டாவது உயர்ந்து, முடிவில் சிரிப்பதுபோல்.

என் மகள் என் கைகளை உதறிக்கொண்டு இறங்கினாள். பெட்டியருகே ஓடி, திரையில் தெரிந்த அந்த அழகியின் வாயின்மேல் விரலை வைத்தாள். பிறகு சோபாவின் ஓரத்தைத் திரும்பிப் பார்த்தாள்.

"டான்ட்டே" என்றாள்.

தெளிவாக, ஒரு பிசிறும் இல்லாமல். இரண்டரை வருடமும் அதற்கு மேலும் நான் காத்திருந்த சொல். என் கணவர் தட்டைக் கீழே வைத்துவிட்டு எழுந்தே விட்டார். எனக்குச் சந்தோஷம் வந்தது, வரவில்லை என்று சொல்லமாட்டேன். ஆனால் சந்தோஷம் வருவதற்கு முன்னால் இன்னொன்று வந்து நெஞ்சில் உட்கார்ந்துவிட்டது.

டான்ட்டே வாயைப் பொத்திக்கொண்டிருந்தார். முதல்முறையாக அவர் முகத்தில் என்ன பாவம் என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

"யாருக்கும் தெரியாது" என்றார். "இவ்வளவு வருஷத்துல ஒருத்தருக்கும் தெரியல. அவளுக்கு ஜெர்மன் வராது. வாயை மட்டும் அசைப்பா. கேமராவுக்குப் பக்கத்துல ஒரு மறைப்பு, அதுக்குப் பின்னால நான். ஓட்டை வழியா அவ உதட்டைப் பாத்துப் பேசணும். அப்பல்லாம் பேச்சைத் தனியா எடுத்து ஒட்டற வழி கிடையாது. அங்கேயே, அப்பவே. பேசி முடிச்சதும் ஏப்ரனைச் சரிபண்ணிட்டு ஓடிப்போய்த் தட்டை எடுக்கணும்."

"அதனாலதான் நீங்க வந்ததும் அவங்க பேசல" என்றார் கணவர், கணக்கு விடை வந்ததுபோல.

"நான் கேமரா முன்னால வந்து நின்னா அவளுக்கு யார் பேசறது? பத்திரிகைல எழுதினாங்க, அவ மௌனத்துல என்ன கம்பீரம்னு. குரலையும் புகழ்ந்தாங்க. வெளிய சொல்லக் கூடாதுன்னு என்கிட்ட ஒப்பந்தம்." திரையைப் பார்த்தார். "செத்துட்டா. செத்தும் என் குரல்லதான் பேசிட்டு இருக்கா, பாருங்க."

மகள் அதற்குள் அவர் மடியில் ஏறிவிட்டாள். நான் தடுக்கவில்லை. படம் முடியும்வரை அந்த அழகியின் உதடுகளையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவை சொல்லுக்குக் கொஞ்சம் முந்தியே அசைந்தன. தெரிந்த பிறகு அதைத் தவிர வேறு எதுவும் தெரியவில்லை. என் மகள் என் வாயைப் பார்த்துவிட்டுத் திரும்பிக்கொண்டதெல்லாம் நினைவுக்கு வந்தது. ஒரு குழந்தைக்குக் காதில் குறையில்லை என்றால் அது என்னவெல்லாம் கேட்கும் என்று நான் யோசித்ததில்லை. அந்த 'கொம், கொம்' என் காதிலும் தினமும் விழுந்ததுதான். எனக்குத் தெரியவில்லையே.

அன்று மாலை சாதம் பிசையும்போது, "வா கண்ணு, ஆ காட்டு" என்றேன். தமிழில். கணவர் என்னைப் பார்த்தார்.

"டாக்டர்?"

"டாக்டர் வந்து ஊட்டட்டும்" என்றேன்.

செய்தது சரியா என்று அன்றிரவெல்லாம் புரண்டேன். மறுநாளும் தமிழ்தான் பேசினேன். ஒரு மணிக்கு மேலிருந்து 'கொம், கொம்' வந்தபோது கதவைத் திறந்துவிட்டேன். ஒருமுறை நானும் பின்னாலேயே படியேறிப் போய் வெளியே நின்று கேட்டேன். டான்ட்டே ஓயாமல் பேசிக்கொண்டிருந்தார், கீழ்வீட்டுக்குக் கேட்காத மெல்லிய குரலில், அந்தக் கதாநாயகியின் குரலில்.

ஒரு வாரம் கழித்து, ரசம் சாதத்தின் நடுவே மகள் கையால் வாயை மறைத்துக்கொண்டு, "போதும்" என்றாள். எனக்குக் கிடைத்த முதல் சொல். நான் இன்னும் ஒரு பிடி ஊட்டப் பார்த்தது அதை மறுபடி கேட்கத்தான். பிறகு பால் வந்தது, காக்கா வந்தது, அப்பா வந்தது. வசந்தத்தில் டாக்டர் அவளிடம் படங்களைக் காட்டினார். பந்து, நாய் என்று ஜெர்மனில் சொன்னாள். "பாத்தீங்களா, ஒரே மொழி" என்றார் டாக்டர். "ஆமாம்" என்றேன். ஆஸ்பத்திரிப் பேச்சு அதோடு நின்றது. மற்றதை அவருக்கு விளக்க வேண்டிய அவசியம் எனக்குத் தெரியவில்லை.

இன்னும் 'அம்மா' மட்டும் வரவில்லை. வேண்டியதை எடுத்துத்தர நான் எப்போதும் பக்கத்திலேயே இருந்ததால் என்னைக் கூப்பிடும் தேவை அவளுக்கு வரவில்லை என்று கணவர் சமாதானம் சொன்னார். அதே சமயம், வீட்டுக்கு வருகிற எல்லோரிடமும் எங்கள் மகளின் முதல் சொல் டான்ட்டே என்று அந்தப் படக்கதையைச் சொல்வார். நான் காப்பி கொண்டுவர எழுந்து போய்விடுவேன்.

கோடை தொடங்கிய ஒரு நாள். நான் மகளுக்குச் சோறு ஊட்டிக்கொண்டிருந்தேன். கதவு பாதி திறந்திருந்தது.

"போதும்" என்று என் குரல் கேட்டது.

நான் பேசவில்லை. திரும்பவும் கேட்டது. "போதும், போதும். ஆ காட்டு கண்ணு." என் குரல்தான். நான் அவசரத்தில் 'ண்'ணை அழுத்துவதுகூட அப்படியே. படிக்கட்டில், கதவுக்குப் பின்னால் நின்று டான்ட்டே பேசினார். அர்த்தம் தெரியாத ஒரு மொழியை, மாதக்கணக்கில் தன் வீட்டுத் தரை வழியாகக் கேட்டே பிடித்துவிட்டார். நான் நான்கு வருடம் படித்தும் ரொட்டிக்கடையில் என் ஜெர்மனுக்கு இரண்டாவது தடவை சொல்லச் சொல்வார்கள்.

மகள் மெல்லுவதை நிறுத்தினாள். கதவைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். அவள் கதவை நோக்கி ஓடப்போகிறாள் என்று நினைத்து நான் கிண்ணத்தை இறுகப் பிடித்துக்கொண்டேன். ஓடவில்லை. ரசம் ஒட்டிய விரலை நீட்டி என் வாயைத் தொட்டுப் பார்த்தாள். மூடியிருந்தது.

"அம்மா இல்ல" என்று கதவைக் காட்டிச் சொன்னாள். "டான்ட்டே."

கதவுக்குப் பின்னால் சிரிப்புக் கேட்டது. என் மகள் என்னை முதன்முதலில் அம்மா என்று சொன்னது, அந்தக் குரல் என்னுடையது இல்லை என்று சொல்வதற்காகத்தான். கணவர் இதை யாரிடமும் சொல்வதில்லை. அவர் அப்போது வீட்டில் இல்லை. நான் சொல்லித்தான் அவருக்குத் தெரியும். அதனால் இதை நானே எழுதிவைக்கிறேன்.

"உள்ள வாங்க, டான்ட்டே" என்றேன், தமிழிலேயே. அவருக்குப் புரிந்தது.